கோப்பில் முடிந்த மனு

அரசு அலுவலக வேலையில் சேர்ந்த புதிதில், அதிகாரி கையெழுத்துப் போட்டுவிட்டால் கோப்பு முடிந்தது என்றே நினைத்திருந்தேன். என்னிடம் வரும் கோப்புகளைக் குறித்துவைக்கும் தன்பதிவேட்டில் முடிவு என்று எழுதிவிட்டால் நிலுவையில் ஒன்று குறையும். மாதக் கடைசியில் அந்த எண்ணிக்கையைத்தானே கேட்கிறார்கள்.

அந்த நினைப்பைக் கலைத்தவர் விதவை உதவித்தொகைக்கு மனு கொடுத்திருந்த ஓர் அம்மா. முத்திரை குத்திக் கொடுத்த மனு நகலைப் பிளாஸ்டிக் உறையில் வைத்துக்கொண்டு மாதம் தவறாமல் வருவார். "பார்க்கிறோம்மா, போயிட்டு வாங்க" என்று அனுப்பிவிடுவோம்.

ஒருநாள் மனசு கேட்காமல் கோப்பைத் தேடி எடுத்தேன். எட்டு மாதத்துக்கு முன்பே நிராகரித்தாகிவிட்டது. கணவரின் பெயர் இறப்புச் சான்றிதழில் ஒரு மாதிரி, குடும்ப அட்டையில் வேறு மாதிரி. வரைவுக் கடிதத்தில் ஒப்பம் இருந்தது. அனுப்புவதற்கான சுத்தநகல் எடுக்கவில்லை. வெளியே போகும் கடிதங்களைப் பதியும் அனுப்புகைப் பதிவேட்டில் அந்த எண்ணே ஏறவில்லை. வரைவை எழுதியது நான்தான்.

சொன்னேன். அவர் கோபப்படவில்லை. "இல்லைன்னா இல்லைன்னு ஒரு கடுதாசி போட்டிருக்கலாமே தம்பி" என்றார்.

அன்றைக்கே கடிதத்தைத் தட்டச்சு செய்து, கையெழுத்து வாங்கி, அவர் கையில் கொடுத்தேன். எந்த எழுத்து மாறியிருக்கிறது, எங்கே போய்த் திருத்த வேண்டும் என்று வாசித்துக் காட்டினேன். "இவ்வளவுதானா?" என்று கேட்டார். அந்த ஒரு சொல் இன்னும் எனக்குள் உறுத்திக்கொண்டிருக்கிறது.

பச்சித்தர் சிங் வழக்கைப் பிற்பாடுதான் படித்தேன். பஞ்சாபில் ஓர் ஊழியரைப் பணிநீக்கம் செய்ய வேண்டாம், பதவி இறக்கினால் போதும் என்று அமைச்சர் கோப்பில் எழுதினார். அது அந்த ஊழியருக்குத் தெரிவிக்கப்படவில்லை. பிறகு முதலமைச்சர் பணிநீக்கமே சரி என்று முடிவெடுத்தார். கோப்பில் எழுதியது மட்டும் உத்தரவாகாது, உரியவருக்குத் தெரிவிக்கும்வரை அதை மாற்றலாம் என்று 1962இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. அப்படிப் பார்த்தால் அந்த அம்மாவின் மனுவை நாங்கள் நிராகரிக்கவே இல்லை. எட்டு மாதமும் அது நிலுவைதான்.

2005ஆம் ஆண்டு தகவல் அறியும் உரிமைச் சட்டமும், நிர்வாக முடிவுக்கான காரணத்தைப் பாதிக்கப்படுபவருக்குத் தர வேண்டும் என்கிறது. தகவல் கேட்ட மனுவை மறுத்தால் காரணம், மேல்முறையீட்டுக்கான கெடு, யாரிடம் மேல்முறையீடு என்ற மூன்றையும் கடிதத்திலேயே சொல்ல வேண்டும். எந்த மனுவை மறுத்தாலும் இந்த மூன்றும் கடிதத்தில் இருக்க வேண்டும் என்பது என் கட்சி. 'பரிசீலிக்கப்பட்டது, ஏற்க இயலாது' என்று மட்டும் எழுதி அனுப்பினால், வாங்கியவர் அடுத்து எந்தப் படி ஏறுவார்?

இப்போதெல்லாம் அனுப்புகை எண் விழாமல் நான் எதையும் முடிவில் காட்டுவதில்லை. நிலுவை கூடுதலாகத் தெரிகிறதே என்று கண்காணிப்பாளர் கேட்டால், கடிதம் இன்னும் வெளியே போகவில்லை சார் என்று சொல்லிவிடுகிறேன்.