பச்சை விளக்கில் என் முகம்

திரைப்படக் கல்லூரியில் நமக்குப் பாடம் எடுத்த சாரைப் பற்றி எழுதித் தரும்படி பழைய மாணவர் மலர்க் குழு கேட்டது. ஆனால் சாரை நினைத்தாலே கூடவே இத்தாலிய இயக்குநர் மாரியோ பாவாவும் வந்துவிடுகிறார். கேமராப் பிரிவில் படித்த எல்லோருக்கும் அப்படித்தான் இருக்கும்.

ஃபெலினி, அன்டோனியோனி என்று பெரிய இத்தாலிய இயக்குநர்களைப் பற்றி நாம் கான்டீனில் வாய் கிழியப் பேசும்போது சார் குறுக்கே வந்து, "அதெல்லாம் சரி, பாவாவைத் தெரியுமாடா?" என்பார். நமக்குத் தெரியாது. 1914இல் சான் ரெமோவில் பிறந்தவர். அப்பா எவுஜெனியோ சிற்பி. மௌனப் படக் காலத்திலேயே கேமராவும் தந்திரக் காட்சியும் செய்தவர். மகன் ஒளிப்பதிவாளராகி, 46 வயதுவரை பெரும்பாலும் அடுத்தவர் படங்களையே தூக்கி நிறுத்தினார். 1957இல் வந்த 'இ வாம்பீரி' என்ற திகில் படத்தை இயக்குநர் ரிக்கார்டோ ஃப்ரேடா முடிக்காமலே போய்விட, மிச்சத்தை இரண்டே நாளில் எடுத்துக் கொடுத்தவர் பாவா. இயக்குநர் என்று போட்டதோ ஃப்ரேடாவின் பெயரைத்தான். 1960இல் 'லா மஸ்கெரா டெல் டெமோனியோ' வந்த பிறகே பாவா இயக்குநர் ஆனார்.

இதைக் கேட்டுக்கொண்டு நான் சும்மா இருந்திருக்கலாம். "ஆப்டிகல் பிரிண்டர்கூட இல்லாத இடத்தில் என்ன சார் டிரிக் ஷாட் எடுப்பது?" என்று, எடுத்த ஃபிலிம்களை ஒன்றன்மேல் ஒன்றாகப் பதிக்கும் அந்த இயந்திரத்தை நினைத்துக் கேட்டேன். சார் பதில் சொல்லவில்லை. அடுத்த வகுப்புக்கு நடிப்புப் பிரிவையும் அழைத்து வைத்துக்கொண்டு, என்னை முன்னால் ஸ்டூலில் உட்கார வைத்தார். சிவப்புப் பென்சிலால் நெற்றி, கன்னம், வாயோரம் எல்லாம் கோடு இழுத்தார். பேபி லைட் என்னும் சின்ன விளக்கில் ஜெலட்டின் என்கிற சிவப்பு வண்ணத் தாளைப் போட்டதும் கோடுகள் மாயம். "பாருங்க, ஹீரோ" என்றார். அப்புறம் சிவப்பை எடுத்துப் பச்சையைப் போட்டார். கோடெல்லாம் கருகருவென்று கிளம்ப, அறையே அதிர்ந்தது. 'இ வாம்பீரி'யில் நடிகை ஜான்னா மரியா கனாலே கேமராவின் கண்முன்னே கிழவியாவது இதே வித்தைதான். கறுப்பு வெள்ளையில் விளக்கின் நிறம் மாறுவது தெரியாது, முகம் மட்டும்தான் மாறும். பிரிண்டர் எதுவும் தேவையில்லை.

அன்றிலிருந்து படிப்பு முடியும்வரை நான் 'தாத்தா'. உங்களில் சிலர் மின்னஞ்சலை இன்னும் அப்படித்தான் தொடங்குகிறீர்கள். இப்போது அதற்குப் பென்சில் வேண்டியதில்லை என்பது வேறு விஷயம்.

டொரொன்டோவில் எனக்குச் சோறு போட்டது கணினித் தந்திரக் காட்சிதான். ஒரு மேகத்தை நகர்த்த மூன்று கூட்டம் போடுவோம். பாவா 1965இல் 'டெரோரே நெல்லோ ஸ்பாட்ஸியோ'வுக்கு ஒரு கிரகத்தையே இரண்டு பிளாஸ்டிக் பாறை, கண்ணாடி, புகை இவற்றை வைத்து உண்டாக்கினார் என்று சொன்னால் இளசுகள் என்னைப் பார்த்துச் சிரிக்கிறார்கள். 1968இல் வந்த 'தியாபோலிக்' படத்துக்குத் தயாரிப்பாளர் தீனோ தெ லௌரென்டிஸ் ஒதுக்கிய பணத்தில் பெரும்பகுதியை அவர் தொடவே இல்லை. இரண்டாம் பாகம் கேட்டதற்கு வேண்டாம் என்றுவிட்டார். "போதும்னு சொன்னான் பாரு!" என்று சார் இதை ஏதோ சொந்த அண்ணனைப் பற்றிச் சொல்வதுபோலச் சொல்வார். பம்பாயிலிருந்து தனக்கு வந்த அழைப்புகளைப் பற்றி மட்டும் அவர் ஒரு வார்த்தை பேசியதில்லை. ஃபிலிம் கழுவும் லேப்காரர்கள் சொல்லித்தான் நமக்குத் தெரியும்.

'கானி அர்ராப்பியாத்தி' என்று பாவா 1974இல் எடுத்த படம், தயாரிப்பாளர் நொடித்துப்போனதால் முடங்கிக் கிடந்தது. அவர் 1980இல் ரோமில் இறந்தார். படம் வெளியே வந்தது 1990களில். டிஸ்க்கில் அதைப் பார்த்து முடித்தபோது இங்கே நடு இரவு தாண்டியிருந்தது, அங்கே காலை. உடனே சாரைக் கூப்பிட்டேன். "காருக்குள்ளேயே முக்கால்வாசிப் படத்தையும் எடுத்திருக்கிறார், சார்" என்று கத்திக் கத்திச் சொன்னேன். காது மந்தமாகிவிட்டிருந்ததால் பாதி எட்டவில்லை. "நீ எப்போடா வர்றே? டிரிக் கிளாஸ் எடுக்க ஆள் இல்லை" என்றார். பெண்ணின் பரீட்சை, வீட்டுக்கடன் என்று ஏதோ சொன்னேன். அதெல்லாம் உண்மையும்கூட. அந்த வகுப்பையே அப்புறம் நிறுத்திவிட்டார்களாம்.

பழைய மாணவர் சங்கம் சார் பெயரில் பரிசு வைக்கப்போவதாகக் கேள்வி. வைக்கட்டும். ஆனால் முதலில், ராத்திரி ராத்திரியாக அவர் உட்கார்ந்து சரிசெய்து கொடுத்த நம் டிப்ளமோ படங்களில் எந்த ஷாட் யாருடையது என்று ஒரு பட்டியல் போடுவோம். டைட்டிலில் எங்கேயும் அவர் பெயர் இல்லை. நானே தொடங்குகிறேன்: நடுவர்கள் தனியாகப் பாராட்டினார்களே, என் படத்தில் வரும் அந்தக் கோயில் குளத்து நிலா, அதை எடுத்தது சார். குளமும் கிடையாது, மெஸ்ஸிலிருந்து எடுத்துவந்த அலுமினியத் தட்டு.