பிரட்டு நேரத்துக் குருவி

போன அக்டோபரில் ஒருநாள் காலை, மண்டபத்தில் எங்கள் செல்போன் கடை ஷட்டரைத் தூக்கினால் படியில் ஒரு குருவி சுருண்டு கிடக்கிறது. பச்சை முதுகு, வயிற்றடியில் சிவப்பு, கத்தரித்து விட்ட மாதிரி கட்டை வால். ஆறுமணிக்குருவி. இமயமலை அடிவாரத்தில் கிளம்பி, இரவில் பறந்து இலங்கை வரைக்கும் போகிற ஆள். எங்கேயோ முட்டிக்கொண்டு விழுந்திருக்கும். ஹெட்போன் வந்த அட்டைப்பெட்டியில் இருட்டாக வைத்திருந்து, சாயங்காலம் உடைமரத்துப் பக்கம் திறந்துவிட்டேன். போய்விட்டது.

அப்பத்தாவிடம் சொன்னேன். “இது நம்ம லயத்துப் பக்கமும் வரும்டா. ஆனா காலையில பாடுறது வேற ஒண்ணு” என்றது.

அப்பத்தாவுக்கு 83 வயது. இலங்கையில் தெனியாய பக்கம் தேயிலைத் தோட்டத்து லயத்தில், அதாவது தொழிலாளர்களின் வரிசை வீட்டில் பிறந்து, தினமும் விடிகாலைப் பிரட்டில் (வேலைக்குப் பேர் கொடுக்கிற கூட்டம்) நின்று, அங்கேயே கொழுந்து எடுத்தது. தோட்டத் தமிழர்களில் ஒரு பகுதியை இந்தியாவுக்கு அனுப்பிய 1964 சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தத்தின்படி, 1974இல் தலைமன்னாரில் கப்பல் ஏறி ராமேஸ்வரத்தில் இறங்கி, மண்டபம் முகாமுக்கு வந்தது. கூட வந்தவர்களில் பல பேர் நீலகிரிக்குப் போனார்கள். தாத்தாவுக்கு இங்கே கருவாட்டுக் கொட்டகையில் வேலை கிடைத்ததால் நாங்கள் மணலிலேயே தங்கிவிட்டோம்.

தெனியாய என்றால் சிங்கராஜக் காட்டின் ஓரம். அப்பத்தா சொன்ன அடையாளத்தை வைத்து ராத்திரி போனில் தேடினேன். மைனா அளவு, தவிட்டு முதுகு, வெள்ளை மாரில் கறுப்புப் பொட்டு, சிறகில் இரண்டு வரிசை வெள்ளைப் புள்ளி. ஆங்கிலத்தில் ஸ்பாட்-விங்டு திரஷ். பூங்குருவி வகை. நிழலடர்ந்த ஈரக்காட்டில் தரையில் சருகைப் புரட்டிப் பூச்சி தின்னும். உலகத்தில் இலங்கையை விட்டால் வேறெங்கும் கிடையாது.

எனக்கு இது இடித்தது. ஆறுமணிக்குருவி அத்தனை தூரம் பறந்து வந்து கடலைத் தாண்டுகிறது. இதனால் முடியாதா? தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் நடுவில் சுமார் 30 கிலோமீட்டர்தான், அதிலும் வழியெல்லாம் மணல் திட்டு. பனியுகத்தில் கடல் மட்டம் 100 மீட்டருக்கும் மேல் இறங்கிக் கிடந்தபோது நடந்தே வந்திருக்கலாம். 2004இல் சயன்ஸ் இதழில் வந்த ஒரு ஆய்வும் அதையேதான் தோண்டியது: தரை ஒட்டியிருந்த காலத்திலும் இலங்கைத் தவளைகளும் நன்னீர் நண்டுகளும் இந்தப் பக்கத்துச் சொந்தங்களோடு பெரிதாகக் கலக்கவில்லை.

கடல் மேல் பழி போட்டுப் பிரயோஜனமில்லை என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. சிங்கராஜாவில் வருஷத்துக்கு 3,000 மில்லிமீட்டருக்கு மேல் மழை கொட்டும். எங்கள் ஜில்லாவில் 800 சொச்சம், அதுவும் ஐப்பசி கார்த்திகையோடு சரி. தலைமன்னார்ப் பக்கமும் இதே கதைதான், முள்ளும் பனையும். ஈரச் சருகு இல்லாத ஊரைத் தாண்டி வர அந்தக் குருவிக்கு என்ன தலையெழுத்தா? மண்டபத்து மே மாத வெயிலைப் பார்த்தவர்கள் அதைக் குறை சொல்ல மாட்டார்கள்.

மறுநாள் அப்பத்தா முற்றத்தில் நெத்திலிக் கருவாட்டுக்குத் தலை கிள்ளிக்கொண்டிருந்தது. பக்கத்தில் உட்கார்ந்து, யாரோ சிங்கராஜாவில் பதிவு செய்த குரலைப் போட்டேன். மனுஷன் சீட்டியடிக்கிற மாதிரி தெளிவாக, ஏறி இறங்கி, கொஞ்சம் நிறுத்தி, மறுபடி.

கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் கருவாட்டின் கழுத்தைப் பிடித்தபடி அப்படியே நின்றன.

“இதேதான். பிரட்டுக்குப் போறப்போ, தண்ணி பிடிக்கிற பீலிக்கரைக்கு மேல இருந்து கத்தும். நேரமாச்சுன்னு கங்காணிக்கு முந்தி இது சொல்லிரும்.”

முடிந்ததும், “திரும்பப் போடு” என்றது. போட்டேன். மூன்றாவது தடவை கண்ணை மூடிக்கொண்டது.

“குருவி பிடிச்சிருக்கா அப்பத்தா?”

“குருவிய விடு. பின்னாடி மழ பேயுது பாரு” என்றது. “சத்தத்தக் கூட்டு.”