இரண்டு மைகளில் ஒரு வாழ்க்கை: டாக்டர் கிரேஸின் காலக்கோட்டை வரைந்து பார்த்த அனுபவம்

இங்கிலாந்துக் கிரிக்கெட் வீரர் டபிள்யூ. ஜி. கிரேஸின் பெயருக்கு முன்னால் வரும் ‘டாக்டர்’ என்ற சொல்லை நான் நெடுநாள் ஒரு செல்லப்பெயரைப் போலவே கடந்து வந்திருக்கிறேன். 1880-களிலும் 1890-களிலும் பிரிஸ்டல் நகரின் ஸ்டேப்பிள்டன் சாலைப் பகுதியில் எளிய மக்களுக்கு வைத்தியம் பார்த்தவர் அவர் என்று அறிந்த பிறகு, அவருடைய மருத்துவத்தையும் கிரிக்கெட்டையும் ஒரே காலக்கோட்டில் வரைந்து பார்க்கும் ஆசை வந்தது. கோட்டுக்கு மேலே மருத்துவம், நீல மையில். கீழே கிரிக்கெட், சிவப்பு மையில் என்று திட்டமிட்டுக்கொண்டேன்.

முதலில் ஆண்டுக்கு 2 சென்டிமீட்டர் என அளவெடுத்தேன். 1848 ஜூலை 18-இல் பிரிஸ்டலுக்கு அருகே உள்ள டவுனென்டில் அவர் பிறந்ததையும், தந்தை ஹென்றி மில்ஸ் கிரேஸ் மருத்துவராகவும் வீட்டுத் தோட்டத்திலேயே ஆடுகளம் அமைத்த கிரிக்கெட் பித்தராகவும் இருந்ததையும் எழுதும்வரை இடம் தாராளமாகவே இருந்தது. 1876-க்கு வந்தபோதுதான் தாள் போதவில்லை. அளவை 4 சென்டிமீட்டராக உயர்த்தி, நான்கு தாள்களை ஒட்டி, 268 சென்டிமீட்டர் நீளத்தில் மறுபடியும் தொடங்கினேன்.

அப்படியும் அந்த ஆண்டின் ஆகஸ்ட் மாதம் அடங்க மறுத்ததால், நாளுக்கு ஒரு சென்டிமீட்டர் என்று தனித் துண்டுத்தாள் ஒன்றை அதற்கென வரைந்தேன். 11, 12 ஆகிய நாள்களில் கேன்டர்பரியில் கென்ட் அணிக்கு எதிராக 344 ரன்கள். பல நாள் நடக்கும் உயர்நிலைப் போட்டிகளான முதல்தரக் கிரிக்கெட்டின் முதல் முச்சதம் அதுதான். ஞாயிறு ஆட்டமில்லை. 14-இல் நாட்டிங்ஹாம்ஷயருக்கு எதிராக 177. 17, 18-இல் செல்டனத்தில் யார்க்‌ஷயருக்கு எதிராக ஆட்டமிழக்காமல் 318. எட்டே நாள்களுக்குள் 839 ரன்கள். சிவப்பு மை நிறைந்த அந்தத் துண்டைப் பெரிய தாளின்மேல் பொருத்தி வைத்தபோது, மேலே நீலப் பகுதியில் நான் முன்பே எழுதியிருந்த ‘மருத்துவ மாணவர்’ என்ற சொல் கண்ணில் பட்டது. 1868-இல் பிரிஸ்டல் மருத்துவப் பள்ளியில் சேர்ந்தவர், லண்டனில் செயின்ட் பார்த்தலோமியூ, வெஸ்ட்மின்ஸ்டர் மருத்துவமனைகளிலும் பயின்று 1879-இல்தான் தேர்ச்சி பெற்றார். பதினோராண்டு ஏன் ஆயிற்று என்பதற்கு விளக்கம் தேட வேண்டியதில்லை. கோட்டின் கீழ்ப்பாதியே அதைச் சொல்கிறது.

இதற்கிடையில் ஒரு தவறும் நேர்ந்தது. தாளின் வலது ஓரத்தில் மொத்தக் கணக்கை 54,896 ரன்கள், 126 சதங்கள், 2,876 விக்கெட்டுகள் என்று மையாலேயே எழுதிவிட்டேன். பிறகு வேறொரு பட்டியலில் 54,211 ரன்கள், 124 சதங்கள், 2,809 விக்கெட்டுகள் என்று இருந்தது. அக்காலப் போட்டிகளில் எவற்றை முதல்தரம் என்று கொள்வது என்பதில் இருக்கும் கருத்து வேறுபாடே காரணம். இரண்டு கணக்குகளையும் அருகருகே எழுதுவதே நேர்மை என்று தோன்றியதால், அந்த ஓரத்தை வெட்டிவிட்டுப் புதிய தாள் ஒட்டினேன்.

என்னை மிகவும் யோசிக்க வைத்தது நீலப் பகுதிதான். கிரிக்கெட்டில் ஒவ்வொரு இன்னிங்ஸுக்கும் தேதியும் எண்ணும் இருக்கின்றன. ஒரு மழைநாள் இரவில் அவர் எந்த வீட்டுக் கதவைத் தட்டி யாருடைய காய்ச்சலைப் பார்த்தார் என்பதற்கு அப்படி ஒன்றும் இல்லை. நிகழ்ச்சிகளைப் புள்ளிகளாக வைக்கும் என் முறைப்படி பார்த்தால், அவர் மருத்துவம் பார்க்கவே இல்லை என்ற தோற்றம் வந்துவிடும். ஆகையால் புள்ளிகளை விட்டுவிட்டு, அவர் தொழில் நடத்திய ஆண்டுகள் முழுவதையும் ஒரே நீலப்பட்டையாகத் தீட்டினேன். ஆட்டப் பருவத்தில் தமக்குப் பதிலாக வேறு மருத்துவர்களை அமர்த்தியதால், கோடைக்காலங்களில் மட்டும் நிறத்தை மெலிதாக்கினேன். இந்த வரைபடத்தில் எனக்கு நிறைவு தந்த வேலை இதுவே.

இரண்டு மைகளும் கலக்கும் இடம் ஒன்று உண்டு. 1887-இல் மான்செஸ்டரின் ஓல்ட் டிராஃபோர்ட் மைதானத்தில் பந்தைத் துரத்தி ஓடிய, கிரேஸின் குளோஸ்டர்ஷயர் அணியைச் சேர்ந்த வீரர் குரூமின் கழுத்தில், எல்லையோர இரும்பு வேலியின் முனை குத்திவிட்டது. தைப்பதற்கு ஊசி வந்து சேரும்வரை ஏறத்தாழ அரைமணி நேரம், கிரேஸ் அந்தக் காயத்தைத் தம் கைகளால் அசையாமல் பிடித்துக்கொண்டிருந்தார். குரூம் பிழைத்தார். அந்தப் புள்ளியை நடுக்கோட்டின் மேலேயே, பாதி நீலமும் பாதி சிவப்புமாக வைத்தேன்.

சாவுகளைக் கறுப்பு மையில் குறித்து வந்தேன். 1880 செப்டம்பரில் ஓவல் மைதானத்தில் கிரேஸ் சகோதரர்கள் மூவர் ஒரே டெஸ்டில் ஆடினார்கள், டபிள்யூ. ஜி. எடுத்த 152, இங்கிலாந்துக்காக அடிக்கப்பட்ட முதல் டெஸ்ட் சதம். அங்கே சேர்ந்து ஆடிய தம்பி ஃபிரெட் இரண்டே வாரத்தில் நுரையீரல் அழற்சியால் இறந்தார், வயது 29. 1899-இல் மகள் பெஸ்ஸி டைஃபாய்டால், 1905-இல் மூத்த மகன் குடல்வால் அறுவை சிகிச்சைக்குப் பின். இந்த நோய்களை ஊரார் வீடுகளில் பார்த்துப் பழகிய மருத்துவரின் சொந்த வீட்டில் இவை நடந்தன என்பதை எழுதும்போது, என் கை சற்று நின்றுதான் நகர்ந்தது.

அவர் இறந்த நாளான 1915 அக்டோபர் 23 வரை இப்போது மை இட்டு முடித்துவிட்டேன். 1880 செப்டம்பருக்கும் ஒரு துண்டுத்தாள் பென்சிலில் தயாராகிறது. ஓவலில் ஆட்டம் முடிந்த 8-ஆம் தேதிக்கும் ஃபிரெட் இறந்த 22-ஆம் தேதிக்கும் நடுவே பதினான்கு சென்டிமீட்டரை வெறுமையாகவே விட்டிருக்கிறேன்.