ஒரு மாவுக்கு எவ்வளவு?

குறுவைக்கு நாற்றங்கால் தயாராகிக்கொண்டிருந்த ஒரு மாலையில், ஏழாம் வகுப்பில் படிக்கும் என் அண்ணன் மகள் நேர் மாறல் (ஒன்று கூடினால் மற்றதும் கூடும்), எதிர் மாறல் (ஒன்று கூடினால் மற்றது குறையும்) கணக்குகளோடு என்னிடம் வந்தாள். "அத்தை, இதுல எதை எதால பெருக்கணும்?" என்பதே அவளுடைய முதல் கேள்வி. பிழைகள் பெரும்பாலும் அந்தக் கேள்வியில்தான் தொடங்குகின்றன என்பது என் உறுதியான எண்ணம்.

புத்தகத்தை மூடச் சொல்லிவிட்டு எங்கள் வயலையே கணக்காகக் கொடுத்தேன். குறுகிய கால நெல்லை நடவு செய்ய ஏக்கருக்கு 24 கிலோ விதை தேவை. எங்கள் பக்கத்தில் நிலத்தை 'மா' என்ற அளவால் சொல்வோம்; ஏறத்தாழ மூன்று மா ஓர் ஏக்கர். அப்படியானால் ஏழு மாவுக்கு விதை எவ்வளவு? அவள் தயங்காமல் 24ஐ 7ஆல் பெருக்கி 168 என்று எழுதினாள். "ஒரு மாவுக்கு எவ்வளவு?" என்று மட்டும் கேட்டேன். எழுதியதை அழித்துவிட்டு 8 என்றாள். 56 கிலோ என்ற விடை பிறகு தானாகவே வந்தது. பள்ளியில் ஓரலகு முறை என்று சொல்லித்தருவது இதைத்தான்.

அந்த 'ஒன்று' எது என்பதை நாமே தேர்ந்துகொள்ளலாம் என்பதைப் பிள்ளைகளுக்கு யாரும் அழுத்திச் சொல்வதில்லை. மளிகைக் கடையில் 250 கிராம் பொட்டலம் 45 ரூபாய், 400 கிராம் பொட்டலம் 68 ரூபாய் என்றால், ஒரு கிராமின் விலையைத் தேடித் தசமப் புள்ளியில் சிக்க வேண்டியதில்லை. நூறு கிராமை ஓர் அலகாகக் கொண்டால் 18 ரூபாய், 17 ரூபாய் என்று உடனே தெரிந்துவிடும்.

அவள் உண்மையில் தடுமாறியது நடவாள் கணக்கில்தான். பதினான்கு பேர் இரண்டு நாளில் நட்டு முடிக்கும் வயலை ஏழு பேர் எத்தனை நாளில் நடுவார்கள் என்றதற்கு, பாதி ஆள் என்பதால் பாதி நாள் என்று எண்ணி 'ஒரு நாள்' என்று எழுதியிருந்தாள். ஆள் குறைந்தால் வேலை சீக்கிரம் முடியுமா, இழுக்குமா என்று கேட்டதும் முகம் மாறியது. நடவு நாளில் ஆள் கிடைக்காமல் அவளுடைய அப்பா அலைவதைப் பார்த்து வளர்ந்தவள் அல்லவா! ஒருவரே நட்டால் 28 நாள், அதை ஏழு பேர் பகிர்ந்துகொண்டால் 4 நாள் என்று அவளே வரிசையாக எழுதினாள்.

அடுத்து, கொள்முதல் நிலையத்துக்குப் போகும் 40 கிலோ நெல் சிப்பத்தில் (மூட்டையில்) எத்தனை சேர்ந்தால் ஒரு குவிண்டால், அதாவது 100 கிலோ, என்று கேட்டிருக்கிறேன். இரண்டரை என்று சொல்லிவிட்டாள். 18 சிப்பத்துக்குக் கணக்குப் போட்டுக்கொண்டிருக்கிறாள்.