டெக்கன் 3: சின்ன ஃபைல், பழைய டெஸ்க்டாப், கைக்கு வராத அடி

டெக்கன் 3 என்ற சண்டை விளையாட்டு முதல் பிளேஸ்டேஷனுக்கு வந்தது 1998-ல். அந்தப் பெட்டியில் மெயின் மெமரி 2 எம்பி, பிராசஸர் வேகம் கிட்டத்தட்ட 34 மெகாஹெர்ட்ஸ், அவ்வளவுதான். அதனால் 2 ஜிபி ராம் உள்ள, தனி கிராஃபிக்ஸ் கார்டு இல்லாத என் பழைய டூயல் கோர் டெஸ்க்டாப்புக்கு இது ஒரு சுமையே இல்லை என்று தோன்றியது. பழைய கன்சோல் விளையாட்டுகளைக் கணினியில் ஓட்டும் ரெட்ரோஆர்க் மென்பொருளில், பிளேஸ்டேஷன் மாதிரி நடந்துகொள்ளும் பிசிஎஸ்எக்ஸ் ரீஆர்ம்டு கோர் போட்டு ஆரம்பித்தேன்.

முதலில் போட்டது நண்பன் பென் டிரைவில் கொடுத்த ஒரு 'ஹைலி கம்ப்ரஸ்டு' ஃபைல். அளவைப் பார்த்தால் நம்பவே முடியாது, அவ்வளவு சின்னது. சண்டை நன்றாகத்தான் போனது, ஆனால் பின்னணி இசை இல்லை, அப்புறம் ஜின் என்ற வீரனை வைத்து ஆர்கேட் மோடை (எதிரிகளை ஒவ்வொருவராக வீழ்த்திக்கொண்டே போகும் ஆட்டம்) முடித்ததும் அவனுடைய முடிவு வீடியோ வர வேண்டிய இடத்தில் திரை கறுப்பாகி அப்படியே நின்றுவிட்டது. இந்த விளையாட்டில் இது சின்ன விஷயம் இல்லை. ஆரம்பத்தில் கிடைப்பது 10 பேர்தான், ஒவ்வொருவராக ஆர்கேட் மோடை முடித்தால்தான் கூமா, ஜூலியா, பிரையன் என்று மற்றவர்கள் திறப்பார்கள். வீடியோவை வெட்டி எறிந்த ஃபைலில் அந்த வழியே அடைபட்டுப் போகிறது. இதைச் சுருக்கியது என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை, வெட்டியது என்றுதான் சொல்வேன்.

சரி, என்னிடம் இருந்த ஒரிஜினல் டிஸ்க்கை இம்க்பர்ன் மென்பொருளில் பின், கியூ ஃபைல்களாக (டிஸ்க்கின் முழு நகலும் அதன் டிராக் பட்டியலும்) எடுத்து, சிஎச்டிமேன் என்ற கருவி வைத்து சிஎச்டி என்ற சுருக்கிய டிஸ்க் ஃபைலாக ஆக்கினேன். கமாண்ட் பிராம்ப்ட்டில் ஒரே வரி வேலை. டிஸ்க்கில் டேட்டா இருக்கும் ஒரு துண்டு, அதாவது செக்டர், 2352 பைட், அதில் சாதாரண டேட்டா செக்டர் என்றால் விளையாட்டுக்கு வேண்டியது 2048 பைட்தான், மீதியில் பெரும்பகுதி கீறல் விழுந்தால் சரிசெய்ய வைத்த குறியீடு. அதைத் திரும்பக் கணக்குப்போட்டு உருவாக்கிக்கொள்ளலாம் என்பதால் சிஎச்டி சேமிப்பதில்லை, மற்றதை இழப்பில்லாமல் சுருக்குகிறது. வீடியோவும் எக்ஸ்ஏ என்ற வடிவில் உள்ள ஒலியும் டிஸ்க்கிலேயே சுருக்கித்தான் இருக்கின்றன, அவற்றை மேலும் பிழிய முடியாது, அதனால் அந்த வெட்டுப்பட்ட ஃபைலின் அளவுக்கு இது ஒருபோதும் வராது. வர வேண்டியதும் இல்லை. ஹார்ட் டிஸ்க்கில் கொஞ்சம் இடம் மிச்சம், விளையாட்டு முழுசாக இருக்கிறது, முடிவு வீடியோக்கள் ஓடுகின்றன.

ஃபைல் சின்னதானால் வேகம் கூடும் என்று பலர் நினைக்கிறார்கள். கூடாது. இரண்டு ஃபைலும் ஒரே வேகத்தில்தான் ஓடின. சண்டை விளையாட்டைக் கெடுப்பது தாமதம். நொடிக்கு 60 ஃபிரேம் என்றால் ஒரு ஃபிரேம் 16.7 மில்லிசெகண்ட், நாலைந்து ஃபிரேம் பிந்தினாலே கை உணர்ந்துவிடும். நான் இதைச் சோதிப்பது மல்யுத்த வீரன் கிங்கின் பிடியில். அவன் கை நீளுவதைப் பார்த்ததும் பஞ்ச் பட்டனைத் தட்டினால் சாதாரணப் பிடியை உதறிவிடலாம், எனக்கோ ஒவ்வொரு தடவையும் தரையில் விழுந்த பிறகுதான் நான் தட்டியது போய்ச் சேர்ந்த மாதிரி இருந்தது. ரெட்ரோஆர்க்கில் திரெடட் வீடியோ என்ற வசதியை அணைத்தேன், அது படத்தை வழுவழுப்பாக்கும், கூடவே தாமதத்தையும் ஏற்றும். படத்தின் தோற்றத்தை மாற்றும் ஷேடர் எல்லாம் எடுத்தேன். ரெசொல்யூஷனைக் கூட்டும் வசதியைத் தொடவில்லை. புளூடூத் இயர்போனைக் கழற்றி வயர் இயர்போன் மாட்டினேன், ஏனென்றால் அடி விழுந்து கொஞ்சம் கழித்துத்தான் சத்தம் வந்தது. விளையாட்டை முன்கூட்டியே ஓட்டிப் பார்க்கும் ரன்-அஹெட் வசதியை ஒரு ஃபிரேம் வைத்தால் தாமதம் இன்னும் குறைகிறது, ஆனால் அதற்கு பிராசஸர் கூடுதல் வேலை செய்ய வேண்டியிருப்பதால் என் மெஷினில் சில மேடைகளில் ஒலி விக்குகிறது. அதை இப்போதைக்கு அணைத்தே வைத்திருக்கிறேன்.

இப்போது கிங்கின் பிடியில் பாதிக்கு மேல் தப்பிக்கிறேன். ஒரே கீபோர்டில் இருவர் ஆடினால் மட்டும், சேர்த்து அழுத்தும் விசைகளில் சில பதிவாவதில்லை. இரண்டாவது ஆளுக்கு ஒரு யூஎஸ்பி பேட் வாங்க வேண்டும்.