நெட் இருக்கு, இடம் இல்லை

கீழே தையல் கடை, மேலே என் அறை. பாளையங்கோட்டையில் அந்த மாடி அறையில்தான் பல வருஷமாகக் கவுன்சிலிங் பார்த்துக்கொண்டிருந்தேன். வருகிறவர்களில் நிறையப் பேர் செருப்பைப் படிக்கட்டுக்குக் கீழே விடமாட்டார்கள். கையில் தூக்கிக்கொண்டு மேலே வந்து, அறைக்குள் கதவுக்குப் பின்னால் ஒதுக்கி வைப்பார்கள். தெருவில் போகிற சொந்தக்காரர் யாராவது செருப்பை அடையாளம் கண்டு, "இவ எதுக்கு அங்க ஏறிப் போறா?" என்று வீட்டில் போய்க் கேட்டுவிட்டால்?

2020 மார்ச்சில் ஊரடங்கு வந்தது. அறையைப் பூட்டிவிட்டு வீட்டில் லேப்டாப் முன்னால் உட்கார்ந்தேன். ஒரு வகையில் நிம்மதியாகக்கூட இருந்தது. இனி யாரும் செருப்பைத் தூக்கிக்கொண்டு படியேற வேண்டாம், அவரவர் வீட்டிலிருந்தே பேசலாம், யாருக்குத் தெரியப்போகிறது என்று நினைத்தேன். ஒரே வாரத்தில் புரிந்துவிட்டது. தெருவுக்குத் தெரியாது, வீட்டுக்குத் தெரியும். பாதிப் பேருக்கு வீட்டுக்குத் தெரியாமல் இருப்பதுதான் முக்கியம்.

இரண்டு அறை, ஐந்து பேர் இருக்கிற வீடுகள். கதவு இருக்கும், தாழ்ப்பாள் இருக்காது. தாழ்ப்பாள் இருந்தாலும் பட்டப்பகலில் கதவைச் சாத்தினால் "உள்ள என்ன பண்ற?" என்று குரல் வரும். ஆன்லைன் கவுன்சிலிங் என்றதும் எல்லாரும் என்னிடம் நெட் வேகம் போதுமா என்றுதான் கேட்கிறார்கள். நான் பார்த்தவரை, நெட் போய் நின்ற பேச்சுகள் கொஞ்சம்தான். ஆள் வந்து நின்றவைதான் அதிகம்.

(இங்கே நான் சொல்கிறவர்கள் இதை எழுதச் சம்மதித்தவர்கள். ஊர், வேலை, குடும்ப விவரங்களை மாற்றியிருக்கிறேன்.)

கோவில்பட்டிப் பக்கம் ஒரு பெண். இரண்டாவது பிரசவமாகி நான்கு மாதம். தூக்கம் இல்லை, காரணமே இல்லாமல் அழுகை. மத்தியானம் மூன்று மணிக்குக் காய்ந்த துணி எடுக்கப் போவதாகச் சொல்லிவிட்டுத் தட்டட்டிக்கு ஏறுவாள். கறுப்புத் தண்ணீர்த் தொட்டியின் நிழலில் குத்தவைத்து உட்கார்ந்து போனை மடியில் சாய்த்து வைத்துக்கொள்வாள். எனக்கு அவள் தாடையும், அவளுக்குப் பின்னால் கொடியில் ஆடும் குழந்தைத் துணிகளும் தெரியும். முதல் நாள் போனைச் சரியாக வைக்கும்போது திரையில் செருப்பு தெரிந்தது, தொட்டிக்குப் பக்கத்தில். "மேலயும் செருப்போடயாம்மா?" என்று கேட்டேன். "கீழ விட்டா நான் மாடியில இருக்கேன்னு அத்தைக்குத் தெரிஞ்சிரும் மேடம்" என்றாள்.

என் படிக்கட்டு நினைவுக்கு வந்தது. கொஞ்ச நேரம் எனக்குப் பேச்சு வரவில்லை.

அவள் போனில் என் பெயர் 'தையல் அக்கா'. அது அவள் யோசனைதான். யாராவது வந்தால் அளவு பற்றிப் பேசுவதாக ஏற்பாடு. ஆறாவது வாரம் என்று நினைக்கிறேன், அன்றைக்குத்தான் முதல் முறையாகச் சொன்னாள்: "பிள்ளையத் தூக்கும்போது எனக்கு ஒண்ணுமே தோண மாட்டேங்கு மேடம். யாரு பிள்ளையவோ தூக்குன மாதிரி இருக்கு." சொல்லி முடிக்கும் முன்பே படியில் காலடிச் சத்தம். ஒரு நொடிதான், முகம் மாறிவிட்டது. "அப்ப சரிக்கா, கை நீளம் மட்டும் அளவு ஜாக்கெட்டப் பாத்து வச்சிருங்க." நானும் "சரிம்மா, செவ்வாக்கெழம தாரேன்" என்றேன். திரை இருண்டுவிட்டது.

என் அறையில் இப்படி ஒரு வார்த்தை வந்திருந்தால், அதைச் சுற்றி இரண்டு பேரும் பத்து நிமிஷம் சும்மா உட்கார்ந்திருப்போம். தண்ணீர் எடுத்துக் கொடுத்திருப்பேன். இங்கே அவள் அந்த வார்த்தையையும் காய்ந்த துணியோடு சேர்த்துக் கீழே எடுத்துப் போய்விட்டாள். ராத்திரி பத்தரைக்கு ஒரு மெசேஜ்: "சாரி மேடம். அத்தை வந்துட்டாங்க. அடுத்த தடவை அதுலேர்ந்தே ஆரம்பிப்போம்." அதுலேர்ந்தே என்ற சொல்லை நான் திரும்பத் திரும்பப் படித்தேன். அவளுக்கு விட்ட இடம் தெரிந்திருக்கிறது.

பிரசவத்துக்குப் பிறகு வரும் மனச்சோர்வு அது. பிள்ளைமேல் பாசம் இல்லாத தாய் என்று அவள் தன்னை நினைத்துக்கொண்டிருந்தாள். நான் கிளினிக்கல் சைக்காலஜிஸ்ட். எனக்கு மாத்திரை எழுதும் உரிமை கிடையாது. மனநல மருத்துவர் ஒருவரிடமும் வீடியோவில் பார்க்க வைத்தேன். 2020 மார்ச் 25ஆம் தேதி மத்திய அரசு வெளியிட்ட தொலை மருத்துவ வழிகாட்டுதல்கள் வந்த பிறகு இது எளிதாகிவிட்டது. மருத்துவர்கள் போனிலும் வீடியோவிலும் பார்க்கலாம், மருந்தும் எழுதலாம். சில வகை மருந்துகளை மட்டும் அப்படி எழுத முடியாது. தாய்ப்பால் கொடுக்கிற பெண் என்பதைச் சொல்லி, அதற்கேற்ற மருந்தாக வாங்கிக்கொண்டோம்.

ஆன்லைனில் நான் திரும்பப் படிக்க வேண்டியிருந்த பாடம் மௌனம். அறையில் ஒருவர் பேசாமல் இருந்தால் நானும் பேசாமல் இருப்பேன். ஃபேன் சுற்றும், கீழே தையல் மெஷின் ஓடும், அவர் மனதுக்குள் ஏதோ ஒன்று மெல்ல மேலே வரும். வீடியோவில் மூன்று நொடி அமைதியாக இருந்தால் "மேடம், கேக்குதா?" என்று வந்துவிடும். உடனே நான் "கேக்குது, கேக்குது" என்பேன். வர இருந்தது உள்ளே போய்விடும். இப்போது முதல் நாளே சொல்லிவிடுகிறேன்: "நான் பேசாம இருந்தா கேட்டுக்கிட்டு இருக்கேன்னு அர்த்தம். நெட் போனா நானே உடனே போன்ல கூப்பிடுவேன்." அமைதியாக இருக்கும்போது கையை லேசாக நெஞ்சில் வைத்துக்கொள்வேன். அந்தக் கை மூச்சோடு ஏறி இறங்குவது திரையில் தெரியும். படம் உறைந்துபோகவில்லை, நான் இருக்கிறேன் என்று அவர்களுக்குப் புரியும்.

கண்ணைப் பார்ப்பதும் அப்படித்தான். அவர் கண்ணை நான் பார்த்தால், எங்கேயோ கீழே பார்ப்பதாக அவருக்குத் தெரியும். கேமராவைப் பார்த்தால் அவரைப் பார்ப்பதாகத் தெரியும், ஆனால் அவர் முகத்தை நான் பார்க்க முடியாது. முக்கியமான ஒன்றை நான் சொல்லும்போது கேமரா, அவர் சொல்லும்போது முகம் என்று பழகிக்கொண்டேன். கால் ஆடுவது, விரலை நெரிப்பது, துப்பட்டா நுனியை முறுக்குவது எதுவும் தெரியாது. அதனால் கேட்டுவிடுகிறேன்: "இப்ப கை என்ன பண்ணுது?" முதலில் திகைப்பார்கள். அப்புறம் குனிந்து தங்கள் கையைத் தாங்களே பார்ப்பார்கள். அறையில் இருந்தபோது இந்தக் கேள்வியை நான் கேட்டதே இல்லை.

சிங்கப்பூரில் கட்டுமான வேலை பார்க்கும் தம்பி ஒருவர். தங்கும் விடுதியில் ஒரே அறையில் பன்னிரண்டு பேர். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம்தான் நேரம். வீடியோ வேண்டாம், குரல் மட்டும் என்று கேட்டுக்கொண்டார். அடுக்குமாடிக் குடியிருப்புகளின் கீழ்த்தளத்தில் நடந்துகொண்டே பேசுவார். உட்கார்ந்து போனில் அழுகிற ஆளைப் பார்த்தால் ஊர்க்காரர்கள் விசாரிப்பார்கள், நடக்கிறவரை யாரும் நிறுத்திக் கேட்பதில்லை என்றார். ஐம்பது நிமிஷமும் எனக்கு அவர் காலடிதான் துணை. வீட்டுக்கு அனுப்பிய பணம், ஏஜென்ட் கடன், தங்கச்சி கல்யாணம் பற்றிப் பேசும்போது நடை சீராக இருக்கும். அப்பா பேச்சு வந்தால் வேகம் கூடும். அப்பா இறந்தபோது டிக்கெட் கிடைக்காமல் கொள்ளி வைக்க வர முடியாமல் போனதைச் சொன்ன அன்றைக்குக் காலடி நின்றது. ரொம்ப நேரம் நின்றே இருந்தது. யாரோ ஒருவர் சைக்கிள் மணி அடித்துக்கொண்டு அவரைக் கடந்து போனார். நான் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். முகமே பார்க்காமல் ஒருவரோடு இவ்வளவு பக்கத்தில் இருக்க முடியும் என்று யாராவது முன்பு சொல்லியிருந்தால் நான் நம்பியிருக்க மாட்டேன்.

வெளிநாட்டில் இருப்பவரை எடுத்துக்கொள்ளும்போது பயமும் கூடவே உண்டு. ஏதாவது ஒன்று என்றால் நான் ஓட முடியாது. அவருக்காக அந்த ஊர் எண்களைத் தேடி என் நோட்டில் எழுதி வைத்தேன்: ஆம்புலன்ஸ் 995, தற்கொலைத் தடுப்பு உதவிக்கு 1767. வெளிநாட்டுத் தொழிலாளர்களுக்காகவே அங்கே ஹெல்த்சர்வ் என்ற அமைப்பு இருக்கிறது, அதையும் அவருக்குச் சொல்லி வைத்தேன்.

இந்த நோட்டுப் பழக்கம் எனக்கு ஒரு தவறிலிருந்து வந்தது. முதல் வருஷம், கல்லூரிப் பையன் ஒருவன், இரண்டாவது தடவைதான் பேசுகிறோம். "நான் இருந்து யாருக்கு என்ன மேடம்" என்றான். அத்தோடு லைன் போய்விட்டது. திரும்ப அழைத்தால் சுவிட்ச் ஆஃப். அவன் எந்த ஊர், எந்தத் தெரு, வீட்டில் யார் எண் என்று எதுவுமே என்னிடம் இல்லை. நாற்பது நிமிஷம் கழித்து அவனே கூப்பிட்டான். கரண்ட் போய் போனில் சார்ஜ் இறங்கிவிட்டதாம். அந்த நாற்பது நிமிஷத்தை என்னால் இன்றைக்கும் மறக்க முடியவில்லை. தவறு முழுக்க என்னுடையது. இப்போது முதல் பேச்சிலேயே முழு முகவரி, பக்கத்து ஆஸ்பத்திரி, நம்பகமான ஒருவரின் எண் எல்லாம் வாங்கிவிடுகிறேன். உயிருக்கு ஆபத்து என்றால் மட்டும் அந்த எண்ணுக்குப் பேசுவேன் என்று சொல்லித்தான் வாங்குகிறேன். பிறகு ஒவ்வொரு தடவையும் முதல் கேள்வி "இன்னைக்கு எங்க இருந்து பேசுறீங்க?" தயங்காமல் "சாகணும்னு தோணுதா?" என்றும் கேட்கிறேன். கேட்பதால் அந்த எண்ணம் புதிதாக வந்துவிடாது. கேட்க ஒரு ஆள் கிடைத்தார் என்றுதான் பலரும் மூச்சு விடுகிறார்கள்.

நடுவில் ஒரு செயலிக்காகச் சில மாதம் வேலை செய்தேன். ஒரே நேரத்தில் நான்கு பேரோடு டைப் செய்ய வேண்டும், பதில் தாமதமானால் மதிப்பெண் குறையும். ஒருவர் கணவரின் அடியைப் பற்றி எழுதிக்கொண்டிருக்கும்போது பக்கத்து ஜன்னலில் இன்னொருவர் தேர்வு பயத்தைப் பற்றி எழுதுவார். நான் மாற்றி அனுப்பிவிடுவேனோ என்று கை நடுங்கும். விட்டுவிட்டேன். டைப் செய்து பேசுவதே தவறு என்று சொல்லவில்லை. வாய்விட்டுப் பேச ஒரு மூலைகூட இல்லாதவர்களுக்கு அது ஒரு வழி. ஆனால் ஒரு நேரத்தில் ஒருவர்தான். யாரிடம் பேசுகிறீர்கள் என்பதையும் விசாரித்துக்கொள்ளுங்கள். கிளினிக்கல் சைக்காலஜிஸ்ட் என்றால் இந்திய மறுவாழ்வு கவுன்சிலில் பதிவு இருக்க வேண்டும். பதிவு எண் கேட்டால் கோபப்படுகிறவரிடம் உங்கள் கதையைச் சொல்ல வேண்டாம்.

இந்த இடப் பிரச்சினைக்கு நான் பார்த்த நல்ல விடை ஒரு பஸ். சென்னையில் இருக்கும் ஸ்கார்ஃப் என்ற மனநல அமைப்பு 2010இல் புதுக்கோட்டை மாவட்டத்தில் தொடங்கிய சேவை. கிராமத்துக்குப் பஸ் வரும். உள்ளே திரை இருக்கும், தூரத்தில் இருக்கும் மனநல மருத்துவர் அதில் பேசுவார், மருந்தும் அந்தப் பஸ்ஸிலேயே கிடைக்கும். ஆன்லைன் வைத்தியம் கொரோனாவில் வந்தது என்று நினைப்பவர்களுக்கு இதை நான் சொல்வதுண்டு. எனக்குப் பிடித்தது அதன் தொழில்நுட்பம்கூட இல்லை. திரையோடு சேர்த்து, கதவு உள்ள ஒரு அறையையும் ஊருக்குக் கொண்டுபோனார்களே, அதுதான். பஞ்சாயத்துக்கு ஒன்று, நூலகத்துக்கு ஒன்று என்று தாழ்ப்பாள் போட்ட சின்ன அறை, ஒரு நாற்காலி, ஒரு ஹெட்செட் வைத்தால் எத்தனை பேர் தொட்டி நிழலை விட்டு எழுந்து வருவார்கள் என்று அடிக்கடி நினைக்கிறேன்.

வீடியோவுக்கு வழியில்லாதவர்கள் சாதாரண போனிலிருந்தே 14416க்குப் பேசலாம். 2022 அக்டோபர் 10ஆம் தேதி தொடங்கிய டெலி மானஸ் என்ற அரசு மனநல உதவிச் சேவை அது. தமிழ்நாட்டில் அதற்கு 'நட்புடன் உங்களோடு' என்று பெயர். தமிழில் பேசலாம், காசு கிடையாது, ராத்திரியிலும் எடுப்பார்கள். சென்னையில் 1986 முதல் இருக்கும் சினேகா தற்கொலைத் தடுப்பு அமைப்பின் எண் 044-24640050.

கோவில்பட்டிப் பெண் இப்போது மாதம் ஒரு தடவைதான் பேசுகிறாள். பிள்ளை தத்தித் தத்தி நடக்கிறது. போன வாரம் திரையில் வெறும் தாடை இல்லை, அவள் முகமே நேராகத் தெரிந்தது. "என்னம்மா, உயரமா உக்காந்திருக்க?" என்றேன். போனைத் திருப்பிக் காட்டினாள். நீலப் பிளாஸ்டிக் நாற்காலி, ஒரு கால் உடைந்து செங்கல் முட்டுக் கொடுத்திருந்தது. வீட்டுக்காரரிடம் சொல்லி மேலே தூக்கி வரச் சொன்னாளாம்.

"மொட்டை வெயில்ல யாருக்கு நாற்காலின்னு அத்தை கேட்டாங்க மேடம்."

"நீ என்ன சொன்ன?"

"எனக்குன்னு சொன்னேன்."