கிழங்கு ஓவனிலேயே கிடக்கட்டும்

நவம்பர் 23, 2024, சனி – ராலே, வடக்குக் கரோலினா

வியாழக்கிழமை தேங்ஸ்கிவிங், அமெரிக்கர்கள் கூடி விருந்துண்ணும் நன்றிநவிலல் நாள். எதிர்வீட்டு அம்மையார் இந்த ஆண்டும் எங்களைச் சாப்பிடக் கூப்பிட்டிருக்கிறார். வான்கோழி அவர் பொறுப்பு. சர்க்கரைவள்ளிக்கிழங்குப் பொறுப்பை நானே கேட்டு வாங்கிக்கொண்டேன். போன ஆண்டு கிழங்கின்மேல் மார்ஷ்மெல்லோ என்னும் பஞ்சு மிட்டாயை உருக்கியிருந்தார். அதில் விலங்கின் தோல், எலும்பிலிருந்து எடுக்கும் ஜெலட்டின் உண்டு என்பதால் சைவக்காரர்களான நாங்கள் தொடவில்லை. அவர் முகம் வாடியது இன்னும் கண்ணில் நிற்கிறது. மார்ஷ்மெல்லோ விற்ற ஒரு நிறுவனம் 1917-ல் வெளியிட்ட சமையல் கையேட்டில் தொடங்கிய வழக்கமாம் அது.

காலையில் உழவர் சந்தைக்குப் போனேன். அமெரிக்காவில் இந்தக் கிழங்கு அதிகம் விளைவது இந்த மாநிலத்தில்தான். கோவிங்டன் ரகத்தில் இரண்டு கிலோ வாங்கினேன். இந்த ஊர்ப் பல்கலைக்கழகம் உருவாக்கிய ரகம். பருமன் ஒத்தவையாகப் பார்த்துப் பொறுக்கினேன். ஒன்று வெந்து மற்றொன்று வேகாமல் நின்றால் எல்லாம் கெடும். குளிர்பெட்டியில் வைக்கக் கூடாது, நடு கெட்டித்துப்போகும். கூடையில் போட்டுச் சமையலறை மூலையில் வைத்திருக்கிறேன்.

நவம்பர் 24, ஞாயிறு

ஒத்திகை. ஒரு கிழங்கைத் தோல் சீவி, துண்டு போட்டு, கொதிநீரில் வேகவைத்தேன். மற்றொன்றைத் தோலோடு முழுசாக ஓவனில் 300 டிகிரி பாரன்ஹீட்டில் இரண்டு மணி நேரம் விட்டேன். இரண்டும் ஒரே மண்ணில் விளைந்தவை என்று சொன்னால் யாரும் நம்பமாட்டார்கள். வேகவைத்தது சொதசொதவென்று, தித்திப்பும் குறைவு. சுட்டதன் தோலைக் கீறியதும் பாகு கசிந்தது.

கிழங்கிலேயே ஒரு நொதி (என்சைம்) இருக்கிறது. ஏறத்தாழ 60 முதல் 75 டிகிரி செல்சியஸ் சூட்டில் அது மாவுச்சத்தை மால்டோஸ் என்னும் சர்க்கரையாக மாற்றும். சூடு மெல்ல ஏறினால் அதற்கு வேலை செய்ய நேரம் கிடைக்கும். சிறு துண்டுகளைக் கொதிநீரில் போட்டால் அந்தக் கட்டத்தைச் சட்டென்று தாண்டிவிடும். போன ஆண்டு கோப்பை கோப்பையாகச் சர்க்கரை கொட்டியவர்கள் இதை ஒருமுறை ருசித்துப் பார்க்க வேண்டும்.

இரவு அம்மாவிடம் தொலைபேசியில் சொன்னேன். “இதற்கு ஓவன் எதற்குடி? உன் ஆச்சி சோறு வடித்தபிறகு தணலில் புதைத்துவைப்பாளே, மறந்துவிட்டாயா?” என்றாள். மறக்கவில்லை. சாம்பலைத் தட்டி, ஊதி ஊதித் தின்றது நாக்கிலேயே இருக்கிறது. ஆச்சிக்கு நொதியின் பெயர் தெரியாது. சூடு எவ்வளவு என்பது கைக்குத் தெரியும்.

நவம்பர் 27, புதன்

எல்லாக் கிழங்கையும் சுட்டாயிற்று. தட்டில் காகிதம் விரித்தது நல்லதாயிற்று, வழிந்த பாகு அதில்தான் கருகியது. சூடு இருக்கும்போதே தோலை உரித்து மசித்தேன். நான்கு மேசைக்கரண்டி வெண்ணெய், அரைக் கோப்பை பால், ஒரு தேக்கரண்டி உப்பு, கொஞ்சம் லவங்கப்பட்டைத் தூள், துருவிய சாதிக்காய். உப்பில் கஞ்சத்தனம் கூடாது. உப்பு இல்லாத இனிப்பு திகட்டும். மசியலில் சர்க்கரை சேர்க்கவே இல்லை. கண்ணாடித் தட்டில் பரப்பி மூடி, குளிர்பெட்டியில் வைத்தேன். வெந்தபின் அங்கே வைத்தால் குற்றமில்லை.

நவம்பர் 28, வியாழன்

மேலே தூவ: ஒரு கோப்பை பீக்கன் பருப்பு, கால் கோப்பை மைதா, நான்கு மேசைக்கரண்டி நாட்டுச் சர்க்கரை, மூன்று மேசைக்கரண்டி உருக்கிய வெண்ணெய். 350 டிகிரியில் முப்பத்தைந்து நிமிடம். ஓரங்களில் குமிழ் விட்டதும் எடுத்துத் துணியில் சுற்றிக்கொண்டு தெருவைக் கடந்தேன்.

அம்மையார் முதல் கரண்டி சாப்பிட்டுவிட்டு, “சர்க்கரை எவ்வளவு போட்டீர்கள்?” என்றார். மசியலில் இல்லை என்றதும் இன்னொரு கரண்டி எடுத்து, கண்ணை மூடிக்கொண்டு மென்றார். பிறகு தன் சமையல் குறிப்புப் பெட்டியைக் கொண்டுவந்து, வெற்று அட்டை ஒன்றை என் முன் வைத்துப் பேனாவையும் கொடுத்தார். முதல் வரியாக, ‘300 டிகிரி, இரண்டு மணி நேரம், தோலோடு’ என்று எழுதினேன்.